முன் வரிசையில ஒரு சேர்

குழு: நம்ம வீட்டு கல்யாணம் 💐

அக்கா: யாராவது முழிச்சிருக்கீங்களா. முன் வரிசைக்கு எத்தன சேர்னு ராத்திரி 10 மணிக்குள்ள ஹால்ல சொல்லணுமாம். அப்பாவுக்கும் ஒண்ணு சேத்து சொல்லட்டுமா

அத்தை: அண்ணனுக்கா

அத்தை: வாசல்ல போட்டோ வச்சா போதாதா கண்ணு

நான்: வாசல்ல வச்சா வர்றவங்க எல்லாம் அங்கயே நின்னு துக்கம் விசாரிக்க ஆரம்பிச்சிடுவாங்க அத்தை. அக்கா உள்ள வர்றதுக்குள்ள அழுது முடிச்சிருப்பா

மாமா: கரெக்ட்

அக்கா: போட்டோ வேண்டாம், சேர்தான். அது மேல அவரோட கண்ணாடியும் வாட்ச்சும். கீழ மணி படுத்துக்குவான்

வினோ: மணி வர்றானா!!!! ❤️❤️

அத்தை: நாயா கல்யாணத்துக்கா

அக்கா: அப்பா செருப்பு மேல இன்னும் தலைய வச்சுதான் அத்தை தூங்குறான். அவன வீட்ல பூட்டிட்டு நான் எப்படி வர்றது

சித்தப்பா: மணி விஷயத்துல சிலது சொல்லிடுறேன் தயவு செஞ்சு முழுசா படிங்க. நாயோட காது நம்ம காது மாதிரி இல்ல, நமக்கு 20,000 ஹெர்ட்ஸ் வரைக்கும்தான் கேக்கும் அதுக்கு சுமார் 45,000 வரைக்கும் கேக்கும், அதனால ஸ்பீக்கர் பக்கம் அவன உக்கார வைக்கவே கூடாது. சும்மா சும்மா கொட்டாவி விட்டாலோ உதட்ட நக்கிக்கிட்டே இருந்தாலோ தூக்கம் வருது பசிக்குதுன்னு நெனச்சிடாதீங்க, பல நேரம் பயத்துல பண்றதுதான் அது, உடனே வெளிய கூட்டிட்டு போயிடணும். அப்புறம் நமக்கு மாதிரி அதுக்கு உடம்பு பூரா வேர்க்காது, நாக்க தொங்கப்போட்டு மூச்சு வாங்கித்தான் சூட்ட இறக்கும், அழகா இருக்கும்னு கோட்டு கீட்டு மாட்டி விடாதீங்க, கழுத்துல ஒரு துணிப்பட்டை போதும். வெயில்ல இறக்குறதுக்கு முன்னாடி தரையில புறங்கைய 5 செகண்ட் வச்சு பாருங்க, நமக்கு சுட்டா அவன் பாதமும் பொசுங்கும். பசங்க கைல சாக்லேட், காஞ்ச திராட்சை இருந்தா அவன் கிட்ட விடாதீங்க ரெண்டுமே நாய்க்கு விஷம். மோதிரத்த பெல்ட்ல கட்டி அனுப்புறதா பேச்சு வந்துச்சு, கட்டுங்க, ஆனா நெஜ மோதிரம் வேண்டாம். முக்கியமா அவனுக்குன்னே ஒரு ஆள் வேணும், கல்யாணத்துல வேற எந்த வேலையும் இல்லாத ஆள், போட்டோ முடிஞ்சதும் வீட்டுக்கு கூட்டிட்டு போற ஆள்

மாமா: 👍

வினோ: அப்பா, பத்தி பிரிச்சாவது போடுங்க

சித்தப்பா: அப்புறம் பூங்கொத்துல லில்லி இருந்தா வினோ நீ வீட்டுக்கு எடுத்துட்டு வராத. பூனைக்கு அதோட மகரந்தம் உடம்புல பட்டு நக்கினாலே கிட்னி போயிடும்

வினோ: ஐயோ சுந்தரி 😿 சரி லில்லி வேண்டாம்க்கா ப்ளீஸ்

அக்கா: லில்லி கேன்சல்

நான்: சுந்தரியும் வருதா?

வினோ: கதவு தொறந்தாலே கட்டிலுக்கடியில போயிடுவா. அவ வீட்லயே இருக்கட்டும், நான் அவ போட்டோவ போன் கவருக்குள்ள வச்சு எடுத்துட்டு வரேன்

மாமா: (ஒரு வீடியோ) முழங்கால் வலிக்கு 3 எளிய பயிற்சிகள்

மாமா: சாரி கை பட்டுடுச்சு

அத்தை: மணிய பத்தி இவ்ளோ தெரிஞ்சு வச்சிருக்கான். அண்ணன் படுக்கையில கெடந்தப்ப ஒரு நாள் வீட்டுக்குள்ள வந்து எட்டிப் பாத்தானா

வினோ: அத்தை

மாமா: இப்ப இது எதுக்கு

சித்தப்பா: (இந்த மெசேஜ் நீக்கப்பட்டது)

அக்கா: அத்தை ப்ளீஸ்

அம்மா: அவர் படுத்திருந்த 4 மாசமும் மணிய காலைல யாரு வாக்கிங் கூட்டிட்டு போனதுன்னு நெனச்சீங்க எல்லாரும்

நான்: எதிர்வீட்டு தாத்தான்னு சொன்னீங்க

அம்மா: தம்பிதான். விடியறதுக்கு முன்ன வந்து கேட்லயே பெல்ட்ட வாங்கிப்பாரு, கேட்லயே திருப்பிக் குடுத்துட்டு போயிடுவாரு. யார் கிட்டயும் சொல்லாதீங்க அண்ணின்னாரு, சொல்லல

அத்தை: அண்ணனுக்கு தெரியுமா

அம்மா: மணி வால ஆட்டுற சத்தத்த வச்சே கண்டுபிடிச்சிட்டாரு. அப்புறம் தெனமும் கட்டில ஜன்னல் பக்கம் திருப்பிப் போடச் சொன்னாரு

அத்தை: எனக்கு ஒருத்தரும் சொல்லல

அத்தை: அழுக வருது நான் அப்புறம் வரேன்

அக்கா: சித்தப்பா இருக்கீங்களா

சித்தப்பா: ம்

அக்கா: அப்பாவோட நீலச் சட்டை பாக்கெட்ட வெட்டி என் டிரெஸ் உள் பக்கம் தச்சிருக்கேன். நெஞ்சுக்கு நேரா. பாக்கெட் அடியில பேனா இங்க் கசிஞ்ச கறை இருக்கும்ல, அதோட

சித்தப்பா: அந்தப் பேனா நான் வாங்கிக் குடுத்தது. முதல் சம்பளத்துல

அக்கா: தெரியும் சித்தப்பா. அதான் அந்தச் சட்டை

நான்: மணி 9.30. சேர் எத்தன?

அம்மா: சேர் போடுறதுல எனக்கு ஒரு சங்கடம் இருக்கு சொல்லிடுறேன். உங்களுக்கெல்லாம் அது மேடையில இருந்து பாக்குற சேர். எனக்கு பக்கத்து சேர். முழு நேரமும் பக்கத்துல காலியா இருந்தா நான் அதத்தான் பாத்துக்கிட்டு இருப்பேன், உன்ன பாக்க மாட்டேன்

அக்கா: இத நான் யோசிக்கவே இல்லம்மா

வினோ: கடைசி சேரா போடலாமா பெரியம்மா

அம்மா: தள்ளி வச்சாலும் மனசு கேக்காது

பாட்டி: (குரல் பதிவு 1:12)

நான்: கேட்டவங்க சொல்லுங்க நான் பஸ்ல இருக்கேன்

வினோ: பாட்டிக்கு இனிமே பிரயாணம் முடியாதாம், டாக்டர் ஒரேயடியா சொல்லிட்டாராம். வீடியோ கால்ல பாக்குறேன், ஆனா போன ஆளாளுக்கு கைல புடிச்சு ஆட்டாதீங்க தல சுத்துது, என் புள்ள சேர்ல என்ன உக்கார வைங்கங்குறாங்க

அம்மா: பாட்டிய அவர் சேர்லயா

அம்மா: அது நல்லா இருக்கு

அக்கா: 😭😭 போன் வேண்டாம், டேப்லெட் வைக்கலாம், முகம் பெருசா தெரியும். பாட்டி பேசுறது அம்மாவுக்கு மட்டும் கேக்குற மாதிரி

மாமா: நெட் கட் ஆனா?

நான்: முந்தின நாளே அதே இடத்துல வச்சு ஒரு மணி நேரம் ஓட்டிப் பாத்துடுறேன். பாட்டி பக்கத்துலயும் ஒருத்தர் உக்காரணும், கால் கட் ஆனா அவங்களுக்கு எடுக்கத் தெரியாது

அத்தை: நான் அம்மா கூட இருந்துக்குறேன்

அக்கா: நீங்க கல்யாணத்துக்கு வரலையா அத்தை!!!

அத்தை: தெரியல. நாளைக்கு பேசுவோம்

மாமா: என்கிட்ட சொல்லவே இல்லையே

அக்கா: அப்ப 14 சேர்னு சொல்லிடுறேன். மணிய யார் பாத்துக்குறது?

சித்தப்பா: நான் கூட்டிட்டு வரேன். ஹால் வாசல்ல உன் கைல குடுத்துடுறேன், முடிஞ்சதும் வாங்கிட்டு போறேன்

அம்மா: வாசல்ல எல்லாம் குடுக்க வேண்டாம் தம்பி. உள்ள வாங்க

சித்தப்பா: சரி அண்ணி

சித்தப்பா: ஆனா டேப்லெட் சார்ஜர் ஒயர் சேருக்கு கீழ போகக் கூடாது. கடிச்சிடுவான்