வெய்லர்ஸ் 'கேட்ச் எ ஃபயர்': ஜிப்போ அட்டை ஒரிஜினல்தானா?

வணக்கம் நண்பர்களே. பழைய எல்.பி. இசைத்தட்டு பார்த்து வாங்கிப் பழக்கமுள்ளவர்கள் கொஞ்சம் உதவுங்கள்.

லண்டனில் ஒருவர், பாப் மார்லியின் ரெகே குழுவான வெய்லர்ஸின் 'கேட்ச் எ ஃபயர்' ஆல்பத்தை விற்கிறார். 1973-இல் ஐலண்ட் ரெக்கார்ட்ஸ் வெளியிட்ட முதல் பதிப்பு என்கிறார். ஜிப்போ லைட்டர் மாதிரி மேல்பாதி தூக்கித் திறக்கும் அட்டை. திறந்தால் உள்ளே அட்டையில் வெட்டிய தீச்சுடர். மூடியைப் பிடித்திருக்கும் ரிவெட்டை (உலோக ஆணி) கையாலேயே அடிக்க வேண்டியிருந்ததால் செலவு தாங்காமல், சுமார் 20,000 பிரதிகளோடு அதை நிறுத்திவிட்டார்கள். அதன்பின் வந்ததுதான் பாப் மார்லி புகைக்கும் படம் போட்ட அட்டை. அந்த அட்டையோடு விற்றால் நான் வாங்க நினைக்கவே மாட்டேன், அது கடைக்குக் கடை கிடைக்கும்.

அவர் அனுப்பிய படங்களில் தட்டின் நடுவிலுள்ள லேபிள் பிங்க் விளிம்போடு, பனைமரத்தோடு இருக்கிறது, கேட்டலாக் எண் ஐ.எல்.பி.எஸ். 9241. பெயரும் வெறும் 'தி வெய்லர்ஸ்' என்றுதான் (மார்லி பெயரை முன்னால் சேர்த்தது பிற்பாடு). இதுவரை சரி. ஆனால் ரிவெட் மட்டும் புத்தம்புதுசாய்ப் பளபளக்கிறது, மடிப்பிலோ ஒரு கீறல்கூட இல்லை. ஐம்பது வருஷ அட்டைக்கு இது கொஞ்சம் ஓவர். லைட்டர் அட்டையோடு மறுபதிப்புகளும் வந்திருப்பதால், பழைய தட்டைப் புது அட்டையில் போட்டுவிட்டாரோ என்று சந்தேகம்.

ஒரிஜினல் வைத்திருப்பவர்கள் ரிவெட்டையும் அட்டையின் உட்புறத்தையும் கிட்டத்தில் படமெடுத்துப் போட முடியுமா? ரிவெட் மாற்றியிருந்தால் விலையில் எவ்வளவு குறைத்துக் கேட்கலாம்? ஞாயிற்றுக்கிழமைக்குள் அவருக்குப் பதில் சொல்ல வேண்டும்.