அகத்தியர் நட்சத்திரத்தை எங்கிருந்து பார்த்தீர்கள்?

கடலோரம் (பெசன்ட் நகர்):
சென்னையிலேயே பிறந்து வளர்ந்தும் அகத்தியரைப் பார்த்ததில்லை என்று நிறையப் பேர் சொல்கிறார்கள். எனக்கு அது பெரிய ஆதங்கம். இரவு வானத்தின் நட்சத்திரங்களில் பிரகாசத்தில் முதலிடம் சிரியஸுக்கு, அடுத்த இடம் கனோபஸ் என்கிற அகத்தியருக்கு. லண்டன்காரர் ஊரில் இருந்தபடி ஆயுளுக்கும் இதைப் பார்க்க முடியாது. டெல்லியில் ஒன்பது டிகிரிகூட ஏறாது. நமக்கோ தெற்கே 24 டிகிரி உயரம் வரை வருகிறது. கையை நீட்டி முஷ்டியை மடக்கினால் ஒரு முஷ்டி சுமார் பத்து டிகிரி, அந்தக் கணக்கில் இரண்டரை முஷ்டி.

நான் பார்ப்பது எலியட்ஸ் கடற்கரையில். டிசம்பர் நடுவில் இரவு எட்டு மணி வாக்கில் தென்கிழக்கே கடலிலிருந்து எழும். எழுந்தவுடன் கண்ணுக்குத் தெரியாது, கடல்மேல் நிற்கும் ஈரப்பதம் விழுங்கிவிடும். அரைமணி நேரம் பொறுக்க வேண்டும். முதலில் தெரியும்போது ஒரு நிறத்தில் நிற்காது. சிவப்பு, பச்சை, நீலம் என்று மாறி மாறித் துடிக்கும். அடிவானத்தில் ஒளி மிக நீண்ட தூரம் காற்றுக்குள் சாய்வாக வருகிறது. அலையும் காற்று ஒவ்வொரு நிறத்தையும் ஒவ்வொரு விதமாக வளைப்பதால் வரும் துடிப்பு அது. பத்து மணிக்கு மேல் ஏறியதும் அடங்கி வெள்ளையாகிவிடும். அதுதான் அதன் சொந்த நிறம். மேற்பரப்பு வெப்பம் சுமார் 7,400 கெல்வின். சூரியனுக்கு 5,800-ஐ ஒட்டித்தான்.

என்னை அசரவைப்பது தூரக் கணக்குதான். சிரியஸ் 8.6 ஒளியாண்டு தூரத்தில் இருக்கிறது, நமக்குப் பக்கத்து வீடு. அகத்தியர் சுமார் 310 ஒளியாண்டு தள்ளி நின்றுகொண்டு சிரியஸ் தரும் வெளிச்சத்தில் பாதியைத் தருகிறது! அப்படியானால் அதன் உண்மையான பிரகாசம் சூரியனைப் போல் பத்தாயிரம் மடங்குக்கும் மேல். விட்டம் 70 மடங்குக்குச் சற்று மேல். சூரியனை எடுத்துவிட்டு அதை வைத்தால் புதனின் பாதைக்குக் கிட்டத்தில் வந்து நிற்கும். ஆனால் நிறை எட்டு முதல் பத்து சூரியன்தான். அதனால் அதன் சராசரி அடர்த்தி நாம் மூச்சு விடும் காற்றைவிடப் பல மடங்கு குறைவு.

310 என்று இன்று தைரியமாகச் சொல்லக் காரணம் நட்சத்திரங்களின் தூரத்தை அளக்க 1989-ல் ஏவிய ஹிப்பார்கோஸ் செயற்கைக்கோள். அதற்கு முன்பு நூறுக்கும் குறைவு என்றவர்களும் உண்டு, ஆயிரத்துக்கு மேல் என்றவர்களும் உண்டு. இன்று நம் கண்ணில் படும் ஒளி கிளம்பியபோது ஜார்ஜ் கோட்டை இருந்தது. இன்றைக்கு இருக்கும் அகலமான மெரினா மணல் இல்லை, துறைமுகம் கட்டிய பிறகு சேர்ந்த மணல் அது. சரி, உங்கள் அனுபவங்களை எழுதுங்கள்.

மொட்டைமாடி (பள்ளிக்கரணை):
2023 டிசம்பர், மிக்ஜாம் புயல். எங்கள் தெருவில் இடுப்பளவு தண்ணீர், கரண்ட் இல்லை, போன் செத்துப்போய்விட்டது. மழை விட்டு வானம் தெளிந்த ராத்திரி, புழுக்கம் தாங்காமல் எல்லாரும் மாடிக்குப் போனோம். கண்ணுக்கெட்டிய வரை ஒரு விளக்கு இல்லை. நிலாவும் இல்லை. பதினொரு மணி இருக்கும், தென்கிழக்கே சதுப்பு நிலத்துக்கு மேலே தனியாக ஒரு பெரிய நட்சத்திரம். பக்கத்து வீட்டுப் பாட்டி ஹெலிகாப்டர் வருகிறது, சாப்பாடு போடுவான் என்று எழுந்து நின்றார். அது நகரவில்லை. என் மகள்தான் சிரியஸுக்குக் கீழே இருப்பதை வைத்து அகத்தியர் என்று சொன்னாள். தண்ணீர் வடிகிற வரை தினமும் ராத்திரி பாட்டி அதைத் தேடினார்.

இறுதியாண்டு (கிண்டி):
நான் பொறியியல் மாணவி. வகுப்பில் விண்கலங்கள் திசை பிடிப்பதைப் படித்தபோதுதான் அகத்தியர் எனக்குப் பழக்கம். 1964-ல் செவ்வாய்க்குக் கிளம்பிய மரைனர் 4 சூரியனை ஒரு குறியாகவும் இதை இன்னொரு குறியாகவும் வைத்துக்கொண்டது. சூரியனிலிருந்து ஏறக்குறைய செங்குத்தான திசையில், நல்ல பிரகாசத்தோடு இருப்பதால் இதைத் தேர்ந்தெடுத்தார்கள். கலத்தின் பக்கத்தில் மிதந்த தூசி பளிச்சிட்டு, அகத்தியரைப் பிடித்துவைக்கும் உணர்கருவியைப் பலமுறை திசைதிருப்பியிருக்கிறது. அதைப் படித்த அன்று இரவே விடுதி மாடிக்கு ஏறித் தேடிப் பார்த்தேன். ஒரு கலத்தைச் செவ்வாய்வரை நடத்திப்போன புள்ளி எங்கள் தண்ணீர்த் தொட்டிக்கு மேலே நின்றது. அன்று தூக்கம் வரவில்லை.

தமிழாசிரியர் (மயிலாப்பூர்):
பரிபாடலின் 11-ஆம் பாடலைச் சேர்க்கிறேன். வையையில் வெள்ளம் வரும் நாளின் கோள்நிலையைச் சொல்லும்போது ‘பொதியில் முனிவன்’ மிதுனத்தை அடைவதாக வருகிறது. முனிவன் என்பது இந்த நட்சத்திரம்தான் என்பது உரை. வகுப்பில் வெறும் வரியாகவே நடத்திக்கொண்டிருந்த பாடல். மாணவர்களைச் சாந்தோம் கடற்கரைக்கு அழைத்துப்போய்க் காட்டிய பிறகு யாருக்கும் உரை தேவைப்படவில்லை.

பழைய தொலைநோக்கி (நுங்கம்பாக்கம்):
அகத்தியருக்குக் கீழே வலப்பக்கம், அது தெற்கே தன் உச்ச உயரத்தில் இருக்கும்போது, நம் ஊருக்கென்றே ஒரு ராட்சத நட்சத்திரம் இருக்கிறது. பெயர் ஆர் ரெட்டிகுலி. அதன் ஒளி கூடிக் குறைவதை 1867-ல் சென்னை வானாய்வகத்தில் கண்டுபிடித்தவர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி. சுமார் 278 நாளுக்கு ஒரு தடவை வீங்கிச் சுருங்கும் சிவப்பு ராட்சதன். குளிரும்போது அதன் வளிமண்டலத்தில் டைட்டானியம் ஆக்சைடு போன்ற மூலக்கூறுகள் கூடி ஒளியை மறைக்கும். உச்சத்துக்கும் அடிமட்டத்துக்கும் ஆயிரம் மடங்கு வித்தியாசம் வரலாம். உச்சத்திலும் வெறும் கண்ணுக்கு எட்டாது. நகரத்து வெளிச்சத்தில் எனக்குக் கிடைக்கவே இல்லை, ஜவ்வாது மலைக்குப் போனபோதுதான் பைனாகுலரில் சிக்கியது. மங்கல் செம்புள்ளி, அவ்வளவுதான். ஆனாலும் கண்ணை எடுக்க மனம் வரவில்லை. வானிலை மைய வளாகத்தில் அந்த வானாய்வகத்தின் கருங்கல் தூண் தமிழ் எழுத்தோடு இன்னும் நிற்கிறது. அவர் பெயர் நம் பள்ளிப் பிள்ளைகளுக்குத் தெரிய வேண்டும்.

புதியவன் (வளசரவாக்கம்):
எங்கள் மாடிக்குத் தெற்கே அடுக்குமாடி. பார்க்க வழி உண்டா?

கடலோரம் (பெசன்ட் நகர்):
உண்டு தம்பி. உங்கள் மாடியைவிட அந்தக் கட்டடம் இருபது மீட்டர் உயரம் என்றாலும், ஐம்பது மீட்டர் தள்ளி இருந்தால் அகத்தியர் தன் உச்சியில் நிற்கும்போது மறைக்காது. பிப்ரவரி நடுவில் ஒன்பது மணிக்குச் சற்று முன்பு, மார்ச் நடுவில் ஏழு மணிக்கே உச்சிக்கு வந்துவிடும். சிரியஸைப் பிடித்துக்கொண்டு நேர் கீழே இறங்குங்கள். ஏப்ரல் தாண்டினால் சாயங்கால வெளிச்சத்தில் போய்விடும், அப்புறம் ஆகஸ்ட் விடியற்காலைதான். அப்படியும் மறைத்தால் ஒரு சனிக்கிழமை இங்கே வந்துவிடுங்கள், பைனாகுலர் என்னிடம் இருக்கிறது.