டாக்ஸி பெர்மிட் புதுப்பிப்புக்கான போதைமருந்துப் பரிசோதனை: மருத்துவர் எழுதித் தந்த வலி மாத்திரை சாப்பிடுபவர் என்ன செய்ய வேண்டும்?

கேள்வி: சாலைமாறன்

அனைவருக்கும் வணக்கம். கலிபோர்னியாவில் ஒரு நிறுவனத்தின் வண்டியை வாடகைக்கு எடுத்து டாக்ஸி ஓட்டி வருகிறேன்; யாரிடமும் சம்பளத்துக்கு இல்லை. பெர்மிட்டைப் புதுப்பிக்கும் காலம் நெருங்கிவிட்டதால், போதைமருந்துப் பரிசோதனையும் மதுப் பரிசோதனையும் செய்துகொள்ள வேண்டும் என்று நகராட்சியிலிருந்து கடிதம் வந்திருக்கிறது. முன்பெல்லாம் இதைப் பற்றி நான் கவலைப்பட்டதே இல்லை. ஆனால் இந்த முறை முதுகெலும்பு வட்டு விலகலுக்காக மருத்துவர் ஹைட்ரோகோடோன் என்ற வலிநிவாரணி கலந்த மாத்திரை எழுதிக் கொடுத்திருக்கிறார். வண்டி ஓட்டாத இரவுகளில் மட்டும் அதைச் சாப்பிடுகிறேன். போதாக்குறைக்கு, மச்சான் அன்போடு வாங்கிக் கொடுத்த, கஞ்சா வகைச் செடியிலிருந்து எடுக்கும் சி.பி.டி. எண்ணெயையும் இடுப்பில் தடவிக்கொள்வதோடு சில நாள்கள் நாக்கின் அடியிலும் விட்டுக்கொண்டேன்.

டாக்ஸி ஸ்டாண்டில் கேட்டால் ஆளுக்கொன்று சொல்கிறார்கள். மாத்திரையை நிறுத்திவிட்டு, பரிசோதனையன்று காலையில் வயிறு நிறையத் தண்ணீர் குடித்துவிட்டுப் போகச் சொல்கிறார் ஒருவர். மாதிரி வாங்கும் இடத்திலேயே மருந்துச் சீட்டைக் காட்டி எழுதிக்கொள்ளச் சொல்ல வேண்டும் என்கிறார் இன்னொருவர். இந்தப் பெர்மிட்டை நம்பித்தான் குடும்பமே இருக்கிறது. நான் யாரிடம், எந்தக் கட்டத்தில் மருந்தைப் பற்றிச் சொல்ல வேண்டும்? முடிவு யாருக்குப் போகும்? விவரம் தெரிந்தவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள்.

பதில்: நுண்ணோக்கி

வணக்கம் மாறன். மாதிரி சேகரிக்கும் மையத்தில் பணியாற்றியவன் என்ற முறையில் எழுதுகிறேன். ஸ்டாண்டில் கிடைத்த இரண்டு ஆலோசனைகளையும் கேட்காதீர்கள். முதலாவது உங்களுக்குக் கெடுதலே செய்யும்.

உங்கள் மாநிலத்தில் டாக்ஸி ஓட்டுநருக்கான பரிசோதனை அரசாங்கச் சட்டத்தொகுப்பின் 53075.5ஆம் பிரிவில் இருக்கிறது. பெரிய லாரி, பேருந்து ஓட்டுபவர்களுக்கான கூட்டாட்சி விதி டாக்ஸிக்கு நேரடியாகப் பொருந்தாது என்றாலும், அந்த விதிகளின் 40ஆம் பகுதியில் உள்ள நடைமுறையையே பெரும்பாலும் பின்பற்ற வேண்டும் என்று இந்தப் பிரிவு சொல்லிவிடுகிறது. அந்த நடைமுறையில் ஓட்டுநரைக் காக்கும் ஏற்பாடுகள் நிறைய உண்டு. ஆனால் அவற்றைக் கேட்டுப் பெற வேண்டியவர் ஓட்டுநர்தான்.

முதலில் தண்ணீர் விஷயம். ஆய்வகம் போதைப்பொருளை மட்டும் தேடுவதில்லை; அது உண்மையிலேயே மனிதச் சிறுநீர்தானா, அளவுக்கு மீறி நீர்த்திருக்கிறதா என்பதையும் பார்க்கிறது. சிறுநீரில் இயல்பாக இருக்கும் கிரியேட்டினின் என்ற கழிவுப்பொருள் ஒரு டெசிலிட்டருக்கு 20 மில்லிகிராமுக்குக் கீழே போய், ஒப்படர்த்தியும் (தண்ணீரோடு ஒப்பிட்ட அடர்த்தி) 1.0030க்குக் கீழே இருந்தால், மாதிரி நீர்த்தது என்று பதிவாகும். கிரியேட்டினின் 5க்கும் கீழே இறங்கினால், ஒருவர் நேரில் நின்று பார்த்துக்கொண்டிருக்க இன்னொரு மாதிரி கொடுக்க வேண்டிவரும். 2க்கும் கீழே போய், ஒப்படர்த்தியும் மனித உடலுக்குப் பொருந்தாததாக இருந்தால், மாற்றி வைக்கப்பட்ட மாதிரி என்றே கருதுவார்கள்; அது பரிசோதனைக்கு மறுத்ததற்குச் சமம். ஒளிக்க எதுவுமே இல்லாத மனிதர், பயத்தில் குடித்த தண்ணீரால் மறுத்தவர் பட்டியலில் சேர்வதைப் போன்ற கொடுமை வேறில்லை. வழக்கம்போல் குடித்துவிட்டுப் போங்கள். அங்கே போய்ச் சிறுநீர் வராவிட்டால் பதற்றப்பட வேண்டாம். 3 மணி நேரம் அவகாசம் உண்டு, அதற்குள் சுமார் 1.2 லிட்டர் வரை குடிக்க அனுமதிப்பார்கள். ஆனால் பாதியில் எழுந்து போய்விடக் கூடாது. புதுப்பிப்புக்காக வந்தவர் அப்படிப் போனால் அதுவும் மறுப்பாகிவிடும்.

அடுத்தது மருந்துச் சீட்டு. மாதிரி சேகரிப்பவரிடம் அதைக் காட்டிப் பயனில்லை. நீங்கள் என்ன மருந்து சாப்பிடுகிறீர்கள் என்று கேட்கும் உரிமையும் அவருக்கு இல்லை, தெரிந்தாலும் அதை வைத்து எதையும் முடிவு செய்யும் அதிகாரமும் இல்லை. மறந்துவிடுவோமோ என்று தோன்றினால், உங்களுக்குத் தரும் படிவ நகலின் பின்பக்கத்தில் நீங்களே குறித்து வைத்துக்கொள்ளலாம். அங்கே கவனிக்க வேண்டியது வேறு. கிண்ணத்தைக் கொடுத்தவுடன் 4 நிமிடங்களுக்குள் வெப்பநிலை பார்க்கப்படும். 32 முதல் 38 டிகிரி செல்சியஸுக்குள் இருக்க வேண்டும். மொத்தம் 45 மில்லிலிட்டர் தேவை. 30 மில்லிலிட்டர் 'ஏ' குப்பியிலும் 15 மில்லிலிட்டர் 'பி' குப்பியிலுமாக உங்கள் கண் முன்னாலேயே ஊற்றி, முத்திரை ஒட்டி, அதன் மேல் உங்கள் சுருக்கொப்பத்தை வாங்க வேண்டும். குப்பி மூடி முத்திரையிடும் வரை அதிலிருந்து கண்ணை எடுக்காதீர்கள். முத்திரையில் உள்ள எண்ணும் படிவத்தில் உள்ள எண்ணும் ஒன்றுதானா என்று பார்த்த பிறகே கையெழுத்துப் போடுங்கள். வரிசையில் பின்னால் நிற்பவர்கள் அவசரப்படுத்தினாலும் பரவாயில்லை.

இனி மருந்தைச் சொல்லும் இடம். ஆய்வகம் முதலில் ஒரு விரைவுச் சோதனை செய்யும். அதில் ஏதேனும் தென்பட்டால் மட்டுமே நிறை நிறமாலைமானி என்ற கருவி கொண்டு அந்தப் பொருளையே அடையாளம் கண்டு அளவிடும். அதிலும் உறுதியானால் முடிவு நேராக நகராட்சிக்குப் போகாது. மருத்துவ மறுஆய்வு அலுவலருக்குப் போகும். எம்.ஆர்.ஓ. என்று சுருக்கமாகச் சொல்வார்கள். அவர் உரிமம் பெற்ற மருத்துவர். அவர் உங்களை அழைத்துப் பேசிய பிறகே பாசிட்டிவ் என்று உறுதி செய்ய வேண்டும். ஹைட்ரோகோடோன் 2018 ஜனவரி 1 முதல் பரிசோதனைப் பட்டியலில் இருக்கிறது. ஆகவே உங்கள் மாதிரியில் அது தென்பட வாய்ப்புண்டு. உங்கள் பெயருக்கு எழுதப்பட்ட செல்லுபடியாகும் மருந்துச் சீட்டு இருந்து, மருந்துக் கடையிலோ மருத்துவரிடமோ அவர் விசாரித்து உறுதி செய்துகொண்டால், நெகட்டிவ் என்றே அறிவிப்பார். மனைவிக்கோ அண்ணனுக்கோ எழுதிய மாத்திரையை எடுத்துச் சாப்பிட்டிருந்தால் அந்தப் பாதுகாப்பு கிடையாது.

இதில் இன்னொரு படி உண்டு. நெகட்டிவ் என்று அறிவித்தாலும், இந்த மருந்தோடு வண்டி ஓட்டுவது ஆபத்து என்று எம்.ஆர்.ஓ. கருதினால் அதைத் தெரிவிக்க அவருக்கு இடமிருக்கிறது. அதற்கு முன் உங்கள் மருத்துவர் அவரோடு பேசுவதற்கு 5 வேலை நாள்கள் தர வேண்டும். ஆகவே இப்போதே உங்கள் மருத்துவரிடம் போய், டாக்ஸி ஓட்டுவதைச் சொல்லி, எந்த நேரத்தில் சாப்பிடுகிறீர்கள், சாப்பிட்ட எத்தனை மணி நேரத்துக்குப் பிறகு ஓட்டலாம் என்பதைக் குறிப்பில் எழுதி வைக்கச் சொல்லுங்கள். அவரைக் கேட்காமல் மாத்திரையை நிறுத்தாதீர்கள்.

பதில்: வாடகைவண்டி வேலன்

நுண்ணோக்கி சொன்னதில் சேர்க்க எனக்குச் சில விஷயங்கள் உண்டு. முடிவு யாருக்குப் போகும் என்று கேட்டிருந்தீர்கள். நீங்கள் சுயதொழில் ஓட்டுநர் என்பதால், எம்.ஆர்.ஓ. பார்த்து உறுதி செய்த முடிவு நேராக நகராட்சிக்கோ கவுன்டிக்கோ போகும்; பாசிட்டிவ் என்றால் மட்டும், வண்டியை வாடகைக்குத் தந்த நிறுவனத்துக்கு அவர்கள் தெரிவிப்பார்கள். சம்பளத்துக்கு ஓட்டுபவராக இருந்தால் முதலாளிக்குப் போகும். செலவும் அப்படித்தான்: சம்பள ஓட்டுநருக்கு முதலாளி கட்ட வேண்டும், நம்மைப் போன்றவர்கள் நாமே கட்ட வேண்டும். சம்பளத்துக்கு ஓட்டும் தம்பிகள் சிலர் இது தெரியாமல் தங்கள் கைப்பணத்தைக் கட்டியிருக்கிறார்கள். அவர்கள் அந்தப் பிரிவைத் தங்கள் முதலாளியிடம் எடுத்துக்காட்ட வேண்டும்.

அருகில் எங்கே பரிசோதனை செய்யலாம் என்று தெரியாவிட்டால் நகராட்சியிடமே கேளுங்கள். பெர்மிட்டுக்கு விண்ணப்பிப்பவர் கேட்டால், அவர்களுக்குத் தெரிந்த கன்சார்டியங்களின் (பரிசோதனைகளை ஏற்பாடு செய்து தரும் அமைப்புகள்) பட்டியலைத் தர வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. கலிபோர்னியா ஓட்டுநர் உரிமத்தைக் கையோடு கொண்டு போங்கள், அதைக் காட்டாமல் பரிசோதனை நடக்காது. புதுப்பிப்புக்காக எடுத்த நெகட்டிவ் முடிவு, இடையில் பாசிட்டிவ் எதுவும் வராதவரை, ஓராண்டுக்கு வேறு நகராட்சியின் புதுப்பிப்புக்கும் செல்லும். இரண்டு ஊர்களில் பெர்மிட் வைத்திருப்பவர்கள் இரண்டு முறை பணம் கட்ட வேண்டியதில்லை.

மதுப் பரிசோதனை புதுப்பிப்பின்போதுதான் உண்டு, மூச்சில் 0.02 சதவீதத்துக்குக் கீழே இருந்தால் நெகட்டிவ். வாய் கொப்பளிக்கும் திரவங்கள் சிலவற்றில் ஆல்கஹால் இருப்பதால் அன்று காலையில் அதைத் தவிர்த்துவிடுங்கள். அப்படியே முதல் அளவு கூடுதலாக வந்தாலும், 15 நிமிடமாவது காத்திருந்து உறுதிச் சோதனை செய்த பிறகுதான் எதையும் முடிவு செய்வார்கள்; வாயில் தங்கியது அதற்குள் போய்விடும்.

பதில்: மருந்தாளர் மலர்

எனக்கு உண்மையாகவே கவலை தருவது அந்த எண்ணெய்தான், மாத்திரை அல்ல. சி.பி.டி. எண்ணெயைச் சாதாரண மூலிகைத் தைலம் என்று நினைத்து நம்மவர்கள் பலர் வாங்குகிறார்கள். 2018ஆம் ஆண்டின் கூட்டாட்சி வேளாண் சட்டம் கஞ்சாவில் போதை தரும் பொருளான டி.எச்.சி. 0.3 சதவீதத்துக்கு மேற்படாத சணல்வகைக் கஞ்சாவைத் தடைப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டது. ஆனால் புட்டியின் மேல் எழுதியிருப்பதும் உள்ளே இருப்பதும் ஒன்றாக இருக்கும் என்பதற்கு யாரும் உத்தரவாதம் தருவதில்லை. பரிசோதனை தேடுவது டி.எச்.சி. உடலில் சிதைந்து உண்டாகும் பொருளை. அது முதல் சோதனையில் மில்லிலிட்டருக்கு 50 நானோகிராம், உறுதிச் சோதனையில் 15 நானோகிராம் என்ற அளவை எட்டினால், 'நான் சி.பி.டி. மட்டும்தான் எடுத்தேன்' என்ற விளக்கத்தை எம்.ஆர்.ஓ. ஏற்க முடியாது. கூட்டாட்சிப் போக்குவரத்துத் துறை 2020 பிப்ரவரியில் இதை அறிவிப்பாகவே வெளியிட்டது. நாக்கின் அடியில் விடுவதை இன்றே நிறுத்திவிடுங்கள் அண்ணா. கொழுப்பில் தங்கும் பொருள் என்பதால், தொடர்ந்து எடுத்தவர்களுக்கு வாரக்கணக்கில்கூடத் தென்படும்.

கலிபோர்னியாவில் கஞ்சா 2016 வாக்கெடுப்பிலேயே அனுமதிக்கப்பட்டுவிட்டதே என்று சிலர் கேட்பார்கள். வேலை நேரத்துக்கு வெளியே கஞ்சா எடுத்த ஊழியரைக் காக்கும் சட்டமும் 2024 ஜனவரி 1 முதல் நடப்பில் இருக்கிறது. ஆனால் சட்டப்படி கட்டாயமாக்கப்பட்ட பரிசோதனைகளை அது தொடவில்லை. டாக்ஸி பெர்மிட் பரிசோதனை அந்த வகையைச் சேர்ந்தது.

கசகசா அரைத்துவிட்ட குருமா சாப்பிட்டால் மாட்டிக்கொள்வோமா என்று என்னிடம் பலர் கேட்டிருப்பதால் அதையும் சொல்லிவிடுகிறேன். கசகசாவில் மார்ஃபின் சிறிதளவு உண்மையாகவே இருக்கிறது. அதனால்தான் 1998இல் அதற்கான வரம்பை 300 நானோகிராமிலிருந்து 2000ஆக உயர்த்தினார்கள். அதைத் தாண்டினாலும், 15,000க்குக் கீழே இருந்தால், முறைகேடாகப் பயன்படுத்தியதற்கான மருத்துவ அடையாளத்தை எம்.ஆர்.ஓ.தான் காட்ட வேண்டும். ஒரு வேளைக் குருமாவுக்காகப் பயப்பட வேண்டாம். ஆனாலும் பரிசோதனைக்கு முந்தைய சில நாள்கள் கசகசாவைத் தவிர்ப்பதில் நமக்கு என்ன நஷ்டம்?

பதில்: எதிர்க்காற்று

எல்லோரும் நடைமுறையைச் சொல்கிறீர்கள். இதிலுள்ள அநீதியையும் ஒருவர் சொல்ல வேண்டும். டாக்ஸி ஓட்டுநரைச் சோதிக்கிறார்கள், லிமோசின் ஓட்டுநரைச் சோதிக்கிறார்கள். செயலி வழியாகப் பயணிகளை ஏற்றுபவருக்கோ, கலிபோர்னியாப் பொதுப் பயன்பாட்டு ஆணையம் 2013 செப்டம்பரில் வகுத்த விதிகளில், போதையைச் சற்றும் பொறுக்காத கொள்கை வேண்டும் என்றும் பயணி புகார் தந்தால் ஓட்டுநரை உடனே நிறுத்திவைத்து விசாரிக்க வேண்டும் என்றும்தான் இருக்கிறது. முன்கூட்டியே மாதிரி கொடுக்க வேண்டியதில்லை. ஒரே சாலையில், ஒரே மாதிரியான பயணியை ஏற்றிச் செல்லும் இருவருக்கு இரண்டு அளவுகோல்கள். மேலும், சிறுநீரில் கஞ்சாவின் சிதைபொருள் இருப்பது, அந்த ஆள் வண்டி ஓட்டும்போது மயக்கத்தில் இருந்தார் என்பதைக் காட்டுவதே இல்லை.

பதில்: நுண்ணோக்கி

எதிர்க்காற்று, இரண்டாவது கருத்தை நான் முழுமையாக ஏற்கிறேன். சிறுநீர்ப் பரிசோதனை நேற்றோ போன வாரமோ நடந்ததைத்தான் சொல்கிறது. முதல் கருத்திலும் நியாயம் இருக்கிறது. ஆனால் அதற்குத் தீர்வு செயலி ஓட்டுநர்களையும் சோதிப்பதாகத்தான் இருக்க முடியும் என்பது என் எண்ணம். பின்னிருக்கையில் உட்காரும் பயணி, முன்னால் இருப்பவரின் நிதானத்தை நம்பியே கதவைச் சாத்துகிறார்.

சாலைமாறன்

எல்லோருக்கும் மிக்க நன்றி. மருத்துவரிடம் நாளை நேரம் கேட்டிருக்கிறேன், எண்ணெயையும் நிறுத்திவிட்டேன். கடைசியாக ஒன்று. வண்டி ஓட்டும்போது தெரியாத எண்ணிலிருந்து வரும் அழைப்புகளை நான் எடுப்பதில்லை. எம்.ஆர்.ஓ. அழைத்து நான் எடுக்காமல் போனால் என்ன ஆகும்? அவரோடு பேசியும் தவறாகப் பாசிட்டிவ் என்று வந்தால் வழி உண்டா?

பதில்: நுண்ணோக்கி

நல்ல வேளையாகக் கேட்டீர்கள். படிவத்தில் பகல், இரவு இரண்டுக்குமான தொலைபேசி எண்ணைத் தெளிவாக எழுதுங்கள். வீட்டிலிருப்பவரின் எண்ணைத் தருவதும் நல்லது. எம்.ஆர்.ஓ. 24 மணி நேரத்துக்குள் குறைந்தது 3 முறை முயல வேண்டும். அதன் பிறகு, அவரை அழைக்கும்படி உங்களுக்குத் தகவல் வந்து 72 மணி நேரத்துக்குள் நீங்கள் அழைக்காவிட்டால், உங்களோடு பேசாமலேயே பாசிட்டிவ் என்று அவர் உறுதி செய்துவிடலாம். ஆகவே பரிசோதனை முடிந்து முடிவு வரும் வரை, ஓடும் வண்டியில் எடுக்க வேண்டாம், ஆனால் ஓரங்கட்டி நிறுத்தியவுடன் ஒவ்வொரு எண்ணையும் திரும்ப அழையுங்கள். பேசும்போது மருந்துச் சீட்டின் எண், மருந்துக் கடையின் பெயர், மருத்துவரின் தொலைபேசி எண் மூன்றும் கையருகே இருக்கட்டும். ஆவணம் உடனே கிடைக்காவிட்டால், கொண்டுவர 5 நாள்கள் வரை அவகாசம் கேட்கலாம். தருவது அவர் விருப்பம்.

பாசிட்டிவ் என்று அவர் சொல்லிவிட்டால், அந்த நேரத்திலிருந்து 72 மணி நேரத்துக்குள் 'பி' குப்பியை வேறொரு ஆய்வகத்தில் சோதிக்கும்படி கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. வாய்மொழியாகக் கேட்டாலே போதும். ஆனாலும் கேட்ட நேரத்தைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். அந்தச் சோதனையில் வரம்பு பார்க்க மாட்டார்கள், பொருள் இருக்கிறதா இல்லையா என்று மட்டுமே பார்ப்பார்கள் என்பதால், குப்பி மாறிவிட்டது அல்லது ஆய்வகம் தவறிவிட்டது என்று உறுதியாகத் தோன்றினால்தான் அது உதவும். போதைப்பொருள் வைத்திருந்ததாகவோ விற்றதாகவோ நடக்கும் குற்ற வழக்கில் பாசிட்டிவ் முடிவை உங்களுக்கு எதிரான சான்றாகக் கொள்ள முடியாது என்பதும் அதே 53075.5இல் இருக்கிறது.