கொல்கத்தா ரிக்‌ஷாக்காரரின் மகிழ்ச்சியை யார் அளந்தது?

தேக்கா வாசகன்:
ரோக்கோ பெலிக் 2011இல் வெளியிட்ட 'ஹேப்பி' ஆவணப்படத்தில் வரும் கொல்கத்தா ரிக்‌ஷாக்காரர் சராசரி அமெரிக்கருக்கு நிகரான மகிழ்ச்சியோடு வாழ்கிறாராம். சிங்கப்பூரில் நாமோ வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டுக்கும் மசேநிக்கும் (மத்திய சேமநிதிக்கும்) அடிமையாகிச் சிரிப்பைத் தொலைத்துவிட்டோமாம். ஈசூன் செல்வி நேற்று எழுதிய இதைப் படித்ததிலிருந்து எனக்கு எரிச்சல் அடங்கவில்லை. ஒழுகும் குடிசையில் இருப்பவரின் நிம்மதியைக் குளிரூட்டிய அறையில் அமர்ந்து மெச்சுவதற்கு நமக்கு என்ன அருகதை இருக்கிறது?

ஈசூன் செல்வி:
மெச்சியது நானல்ல, ஐயா. மகனைப் பார்த்ததும் மனம் நிறைந்துவிடுவதாக அவரே சொல்கிறார். அவர் வாய்ச்சொல்லை நம்பாமல் அவருக்கே தெரியாத துயரத்தை அவரிடம் தேடுவது எந்த வகை மரியாதை?

தோ பாயோ ஆறுமுகம்:
மகிழ்ச்சி என்று இருவரும் எதைச் சொல்கிறீர்கள்? அந்நேரக் களிப்பையா, வாழ்க்கை குறித்த நிறைவையா?

தேக்கா வாசகன்:
மகனைக் கண்டு மகிழாத தகப்பன் ஈசூனிலும் இல்லை, சகோதரி. கொல்கத்தாவின் குடிசைவாசிகள், நடைபாதைவாசிகள், பாலியல் தொழிலாளர்கள் என 83 பேரிடம் கேட்டு 2001இல் வெளியான ஆய்வொன்றில், குடும்பம், நட்பு ஆகியவற்றில் நிறைவு தெரிவித்தவர்களே, வாழ்க்கையை மொத்தமாக மதிப்பிடச் சொன்னபோது நடுநிலைக்குச் சற்றுக் கீழேதான் நின்றார்கள். 'அமெரிக்கருக்கு நிகர்' எங்கே போயிற்று?

உட்லண்ட்ஸ் குமரன்:
ஒருவரைக் காட்டிய பெலிக்கைக் குறைசொல்லும் அண்ணன் 83 பேரைக் கொண்டு ஒரு நகரத்தையே அளந்துவிட்டார்! இப்படத்துக்குத் தூண்டுகோலாக இருந்த ஹாலிவுட் இயக்குநர் டாம் ஷாடியாக் மாளிகையை விட்டுவிட்டு நடமாடும் வீட்டுக்குக் குடிபெயர்ந்தாரே, அதுவும் பொய்யா?

தேக்கா வாசகன்:
அந்த வீடு நிற்பது மாலிபு கடற்கரையில் என்பதை வசதியாக மறந்துவிட்டீர்கள், தம்பி. விட்டுவர மாளிகை வைத்திருந்தவருக்கு எளிமை ஒரு தெரிவு, ரிக்‌ஷாக்காரருக்கு அப்படியா? நம் ஊரில் கை ரிக்‌ஷாவை 1947லேயே நிறுத்திவிட்டார்கள். அதை மீண்டும் ஓடவிட்டு மகிழ்ச்சியைப் பெருக்கலாம் என்கிறீர்களா?

ஈசூன் செல்வி:
யாரும் சொல்லாததைச் சொன்னதாக எழுதுவதில் தங்களுக்கு இணையில்லை. தீபாவளிச் சந்தை விவாதத்திலும் இதையேதான் செய்தீர்கள். அதற்குத் தாங்கள் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று அன்று நான் சொன்னேன், அது இன்னும் வந்துசேரவில்லை.

தேக்கா வாசகன்:
சந்தையை விடுங்கள். லாரியின் பின்புறம் அமர்ந்து வேலைக்குப் போகும் நம் வெளிநாட்டு ஊழியரும், இரவு தங்குவிடுதியிலிருந்து பிள்ளையைக் காணொளியில் அழைக்கும்போது வாய்நிறையச் சிரிக்கிறார். அந்தச் சிரிப்பை மட்டும் படம்பிடித்து, அவருக்குக் குறையே இல்லை என்பீர்களா?

ஈசூன் செல்வி:
அவரிடம் நீங்கள் எப்போதாவது கேட்டதுண்டா?

தேக்கா வாசகன்:
கேட்டது நானா, நீங்களா என்பதன்று பேச்சு. 'அமெரிக்கருக்கு நிகர்' என்று அளந்தவர் யார், எந்த அளவுகோலால் அளந்தார்? மூன்றாம் முறையாகக் கேட்கிறேன்.

உட்லண்ட்ஸ் குமரன்:
அந்த 83 பேரையே கேளுங்கள், அண்ணே.