இலங்கையின் காலிக் கோட்டையைத் தனி வழிகாட்டியுடன் நடந்து பார்ப்பது: எத்தனை மணி நேரம், எந்த வாசல், என்ன பேசி முடிப்பது?

ஜன்னலோரம் கேட்டது:

வணக்கம். ஜனவரி கடைசியில் கொழும்பில் நாலு நாள் இருப்போம், அதில் ஒரு நாள் காலிக்கு. ஐந்து பேர். அப்பாவுக்கு 71 வயது, அம்மாவுக்கு முழங்கால் வலி, பையனுக்கு 11. பெரிய குழுவோடு ஓடாமல் எங்களுக்கென்று ஒரு வழிகாட்டியை வைத்துக் கோட்டையை நடந்து பார்க்க எண்ணம்.

எத்தனை மணி நேரத்துக்குப் பேசுவது? காலையா, சாயங்காலமா? வழிகாட்டி நிஜமாகவே வேண்டுமா, வரைபடத்தை வைத்து நாங்களே சுற்றிவிடலாமா? அம்மாவால் மதில்மேல் ஏற முடியுமா? தமிழில் சொல்ல ஆள் கிடைப்பார்களா? கடைசியாக, சீனக் கடற்படைத் தலைவர் செங் ஹேயின் மும்மொழிக் கல்வெட்டு கோட்டைக்குள் எந்த இடத்தில் இருக்கிறது?

முருகைக்கல் எழுதியது:

கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் அது உங்கள் பயணத் திட்டத்தையே மாற்றும். அந்தக் கல் காலியில் இல்லை, கொழும்பு தேசிய நூதனசாலையில் (அருங்காட்சியகத்தில்) இருக்கிறது. 1911 இல் காலி நகரில் ஒரு மதகின் மூடியாகக் கிடந்த இடத்தில் கண்டெடுத்தார்கள். கல்லில் உள்ள ஆண்டு 1409. சீன மொழிப் பகுதி புத்தரையும், தமிழ்ப் பகுதி தெவிநுவரைக் கோயில் தெய்வமான தென்னாவரை நாயனாரையும், பாரசீகப் பகுதி அல்லாஹ்வையும் போற்றும். மூன்றிலும் காணிக்கைப் பட்டியல் உண்டு. எழுத்துகள் மிகவும் தேய்ந்துவிட்டன, பாரசீகப் பகுதிதான் அதிகம் சிதைந்தது. கொழும்பில் தங்கும் நாட்களில் ஒன்றில் முதலில் அதைப் பார்த்துவிட்டுக் காலிக்குப் போங்கள். ஒல்லாந்தருக்கு (டச்சுக்காரருக்கு) இருநூறு ஆண்டுக்கு முன்பே இந்தத் துறைமுகத்தில் தமிழ் ஒரு வணிக மொழி என்று தெரிந்துகொண்டு கோட்டைக்குள் நுழைவது வேறு மாதிரி இருக்கும்.

இனி நடை. கோட்டைக்குள் போக நுழைவுச் சீட்டு கிடையாது. அது இன்றும் ஆட்கள் குடியிருக்கும் ஊர், நீதிமன்றம், பள்ளிவாசல், தேவாலயம், வீடு எல்லாம் இயங்குகின்றன. ஆகவே வழிகாட்டி இல்லாமலும் சுற்றலாம். ஆனால் அறிவிப்புப் பலகைகள் சொல்வது குறைவு. மதிலை நீங்களே நடந்து ரசிக்கலாம். தெருக்களுக்குத்தான் ஆள் வேண்டும். லெயின் பான் தெரு என்ற பெயரைப் படித்துவிட்டுப் போவீர்கள். அது கயிறு திரித்த இடம் என்று எவரும் எழுதி வைக்கவில்லை. பெட்லர் தெரு தலைச்சுமை வியாபாரிகளின் தெரு. பரவா தெரு என்று ஒன்று இருக்கிறது. முத்துக்குளித்துறைப் பரவரின் பெயர்தான் அது, தமிழ்நாட்டிலிருந்து வருகிறவர்கள் பெரும்பாலும் கவனிக்காமல் கடந்துவிடுவார்கள்.

நேரம்: ஐந்து பேர், இருவர் மெதுவாக நடப்பவர்கள் என்றால் இரண்டரை மணி. இரண்டு மணியில் முடித்துத் தருகிறேன் என்பவர் தேவாலயத்தையோ பழைய வாசலையோ விட்டுவிடுவார். மூன்று மணிக்கு மேல் போனால் பையன் கேட்பதை நிறுத்திவிடுவான்.

காலை 7 மணி, அல்லது பின்னேரம் 4 மணிக்குத் தொடங்குங்கள். 10 முதல் 3 வரை மதில்மேல் நிழலே கிடையாது, காற்று இருப்பதால் வெயில் சுடுவதும் தெரியாது, இரவில்தான் தெரியும். இரண்டு நேரத்துக்கும் வழி வேறு. காலை என்றால் முதலில் மேற்கு மதில், பிறகு தெருக்கள். வெயில் ஏறும்போது நீங்கள் விறாந்தை நிழல்களில் இருப்பீர்கள். பின்னேரம் என்றால் அப்படியே தலைகீழ்: பழைய வாசல், நீதிமன்றச் சதுக்கம், ஒல்லாந்தர் தேவாலயம், லெயின் பான் தெரு, வெளிச்சவீடு (கலங்கரை விளக்கம்), பள்ளிவாசல், கொடிப்பாறை, பிறகு டிரைட்டன், நெப்டியூன், கிளிப்பன்பேர்க், இயோலஸ் கொத்தளங்கள் வழியாக வடக்கே வந்து மணிக்கூட்டுக் கோபுரத்தில் முடிவு. ஆண்டு முழுவதும் 6 மணியை ஒட்டித்தான் சூரியன் மறையும். 5.45க்கு டிரைட்டன் பக்கம் இருக்குமாறு கணக்கிடச் சொல்லுங்கள்.

ஒன்றைக் கவனியுங்கள். மதில் முழு வட்டமாக நடக்கக் கிடைக்காது. கிழக்கே துறைமுகப் பக்கம் கட்டடங்கள் குறுக்கிடும், தெருவுக்கு இறங்கித்தான் ஆகவேண்டும். "முழு மதிலும் சுற்றிக் காட்டுகிறேன்" என்று விளம்பரம் செய்தால் அது பேச்சுக்கு.

சுக்கான் எழுதியது:

முருகைக்கல் சொன்ன வழி சரி. ஆளைப் பேசி முடிக்கும் விஷயத்தை நான் எழுதுகிறேன், பெரும்பாலும் அங்கேதான் கெட்டுப்போகிறது.

வழிகாட்டிகளுக்கு இலங்கை சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபை உரிமம் கொடுக்கிறது. தேசிய வழிகாட்டி, சாரதி வழிகாட்டி, பிரதேச வழிகாட்டி, தல (குறிப்பிட்ட ஓர் இடத்துக்கான) வழிகாட்டி என்று வகைகள் உண்டு. அட்டையில் வகையும் செல்லுபடித் திகதியும் இருக்கும். முன்கூட்டியே அட்டையின் படத்தைக் கேட்பதில் தப்பில்லை, உரிமம் உள்ளவர் கோபிக்கமாட்டார். கொழும்பிலிருந்து கூட்டிவரும் சாரதி வழிகாட்டி நாடு முழுக்கத் தெரிந்தவராக இருக்கலாம், ஆனால் கோட்டைத் தெருக்களை வீடு வீடாக அறிந்தவர் அங்கேயே இருப்பவர். இரண்டையும் ஒரே ஆளிடம் எதிர்பார்க்காதீர்கள்.

வாசலில் தானாக வந்து பேச்சுக் கொடுத்து, "இன்றைக்கு மட்டும் பெரஹெரா (ஊர்வல விழா), வாருங்கள்" என்பவரிடம் சிரித்துவிட்டு நடையைக் கட்டுங்கள்.

பேசும்போது எழுத்தில் வாங்கவேண்டியவை: தொகை ஆளுக்கா, குழுவுக்கா? இலங்கை ரூபாயிலா? கோட்டைக்குள் நூதனசாலைக்குப் போனால் அதன் கட்டணம் உள்ளடக்கமா? மழை வந்தால் நேரம் தள்ளுவோமா, பணம் திருப்பித் தருவாரா? முக்கியமாக, கடை நிறுத்தம் இருக்கிறதா? இரத்தினக்கல் கடை, பட்டிக் (மெழுகுச் சாயத் துணி) கடை, மூலிகை எண்ணெய்க் கடை எதற்குள் போனாலும் வழிகாட்டிக்குத் தரகு உண்டு. அது அங்குள்ள நடைமுறை, மறைவான விஷயமல்ல. ஆனால் இரண்டரை மணி நடையில் நாற்பது நிமிடம் அங்கே போய்விடும். "கடை வேண்டாம், அதற்காகத் தொகை கொஞ்சம் கூடினாலும் சரி" என்று முதலிலேயே சொன்னால் இருவருக்கும் நிம்மதி. மலிவாகக் கேட்பவர் அந்தக் குறையைக் கடையில்தான் ஈடுகட்டுவார்.

சந்திக்கும் இடம்: "கோட்டை வாசல்" என்று மட்டும் பேசாதீர்கள். இரண்டு வாசல் இருக்கிறது. வடக்கே, சூரியக் கொத்தளத்துக்கும் சந்திரக் கொத்தளத்துக்கும் நடுவே 1873 இல் பிரித்தானியர் திறந்த பிரதான வாசல். கிழக்கே துறைமுகத்தை நோக்கியிருக்கும் பழைய வாசல். நீங்கள் ஒன்றிலும் அவர் மற்றதிலும் நின்று அரைமணி வீணாவது அடிக்கடி நடக்கிறது. ரயிலில் வருகிறீர்கள் என்றால் நிலையத்திலிருந்து பிரதான வாசல் பத்து நிமிட நடைதான், ஓட்டோ தேவையில்லை. (கொழும்பில் ஏறும் நிலையத்தின் பெயரும் கோட்டை. தொலைபேசியில் பேசும்போது எந்தக் கோட்டை என்று சொல்லிவிடுங்கள்.)

ரயிலில் போகும்போது வலப்பக்கம் உட்காருங்கள், கடல் அந்தப் பக்கம்தான். இரண்டரை முதல் மூன்று மணி நேரம். பின்னேர நடை என்றால் திரும்பும் ரயில் நேரத்தைக் காலியில் இறங்கியதுமே பார்த்து வைக்கவேண்டும். சூரியன் மறையும்வரை நின்றுவிட்டு நிலையத்துக்கு ஓடுவது முழங்கால் வலிக்காரருக்கு ஆகாது. அதிவேகப் பாதை பஸ் என்றால் கொழும்பின் புறநகரான மாக்கும்புரவிலிருந்து புறப்படும்.

ஜன்னலோரம்:

மிக்க நன்றி. இரண்டு வாசல் விஷயம் தெரியவே தெரியாது. அம்மாவைப் பற்றி யாராவது சொல்லுங்கள். படிகள் அதிகமா? தமிழ் வழிகாட்டி?

உப்புக்காற்று எழுதியது:

அம்மாவுக்குத் தெருக்கள் பிரச்சினையே இல்லை, எல்லாம் சமதரை. மதிலுக்குச் சில இடங்களில் படி, சில இடங்களில் புல் மேடாகச் சரிவு. சரிவு வழியாக ஏற்றும்படி வழிகாட்டியிடம் முன்பே சொல்லுங்கள். மேலே போன பிறகு தரை புல்லும் மண்ணுமாகக் குழிமேடாக இருக்கும், மழை பெய்திருந்தால் வழுக்கும். பிடிமானமுள்ள சப்பாத்து போதும், தோல் செருப்பு வேண்டாம். பெரும்பகுதியில் கைப்பிடிச் சுவர் கிடையாது, கடல் பக்கம் நேராகப் பாறைக்கு இறங்கும். பையனைப் பற்றித்தான் எனக்குக் கவலை, அம்மாவைப் பற்றியல்ல. கொடிப்பாறையில் இளைஞர்கள் கடலுக்குள் குதித்துக் காட்டிப் பணம் கேட்பார்கள். பக்கத்தில் நின்று எட்டிப் பார்க்க விடாதீர்கள்.

அம்மாவுக்கு முடியாவிட்டால் எல்லோரும் பாதியில் நிறுத்தவேண்டியதில்லை. தனி நடையின் லாபமே அதுதான். வெளிச்சவீட்டருகே மர நிழலில் அவரும் அப்பாவும் இருக்கட்டும், வழிகாட்டி உங்களைக் கொடிப்பாறைவரை கூட்டிப்போய்த் திரும்பட்டும். வெளிச்சவீட்டுக்குள் ஏற விடுவதில்லை, வெளியே நின்று பார்ப்பதுதான். இப்போதிருப்பது 1939 இல் கட்டியது, உயரம் 26.5 மீட்டர். 1848 இல் கட்டிய முதல் வெளிச்சவீடு தீயில் போய்விட்டது.

தமிழ்: உரிமம் பெற்ற தமிழ் வழிகாட்டிகள் உண்டு, ஆனால் வாசலில் வந்து தேடினால் ஆங்கிலம்தான் அகப்படும். இரண்டு வாரம் முன்பே தேடுங்கள். கிடைக்காவிட்டாலும் கோட்டைக்குள் இருக்கும் முஸ்லிம் குடும்பங்கள் பல தமிழ் பேசுகிறவை, கடையிலும் திண்ணையிலும் தயங்காமல் தமிழில் கதைக்கலாம். அம்மா அப்பாவுக்கு அது வழிகாட்டியைவிட நல்ல பொழுதாக அமையும்.

வெளிச்சவீட்டுக்கு எதிரே இருக்கும் மீரான் ஜும்மாப் பள்ளிவாசலைப் பார்த்ததும் பையன் "சர்ச்" என்பான். எல்லோரும் அப்படித்தான் சொல்கிறார்கள், முகப்பு அப்படி. இன்றைய கட்டடம் 1904 ஆம் ஆண்டினது. தொழுகை நேரத்திலும் வெள்ளி மதியத்திலும் உள்ளே போக முயலவேண்டாம். மற்ற நேரத்தில் கேட்டுவிட்டு, முழங்கால் மறையும் உடை, பெண்களுக்குத் தலைத்துணி, செருப்பு வெளியே. ஒல்லாந்தர் தேவாலயம் (1755) ஞாயிறு காலை வழிபாட்டுக்குரியது. அதன் தரையில் கல்லறைப் பலகைகள் பதித்திருக்கின்றன, மண்டையோட்டுச் சின்னங்களோடு. நடுவில் தூணே இல்லாத கூடம் என்பதையும் அண்ணாந்து பாருங்கள். ஆகவே வெள்ளி, ஞாயிறு தவிர்த்தால் இரண்டும் கிடைக்கும். வாரநாள் காலை நீதிமன்றச் சதுக்கம் வழக்குக்கு வந்தவர்களும் வாகனங்களுமாக நெரியும், வழிகாட்டியின் குரல் கேட்காது. பின்னேரம் அதே இடத்தில் ஆலமர நிழலும் காகங்களும்தான்.

முருகைக்கல்:

பழைய வாசலைப் பற்றி ஒரு வார்த்தை கூடுதலாக. வெளிப்பக்க முகப்பில் பிரித்தானிய அரச சின்னம். உள்ளே நுழைந்து திரும்பிப் பார்த்தால்தான் ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பெனியின் சின்னம்: இரு சிங்கங்கள், மேலே சேவல், 1669 என்ற ஆண்டு, நடுவில் வி.ஓ.சி. எழுத்துகள். உங்கள் பையனுக்கு வி.ஓ.சி. என்றால் தூத்துக்குடிதான் நினைவுக்கு வரும். 1906 இல் சுதேசிக் கப்பல் கம்பெனி தொடங்கி, தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்குக் கப்பல் விட்டவரின் பெயர்ச்சுருக்கமும் ஒரு அந்நியக் கம்பெனியின் சுருக்கமும் ஒன்றாக அமைந்தது வேடிக்கைதான்.

அந்தச் சேவலை வைத்து வழிகாட்டியை எடைபோடலாம். 1505 இல் போர்த்துக்கேயர் கரையொதுங்கியபோது சேவல் கூவியது, அதனால் காலி என்ற பெயர் வந்தது என்று ஒரு கதை. அதை நடந்ததாகவே சொல்பவர் கதைசொல்லி. "அப்படி ஒரு கதை இருக்கிறது, மாடுகள் அடையும் இடத்தைக் குறிக்கும் சிங்களச் சொல்லிலிருந்து வந்தது என்றும் சொல்வார்கள்" என்று இரண்டையும் வைப்பவர் படித்தவர். இன்னொரு கேள்வி: கழிவுநீர் எங்கே போகிறது? தெருக்களுக்கு அடியில் ஒல்லாந்தர் செங்கல்லால் கட்டிய வடிகால்கள் இருக்கின்றன, அலையேற்றத்தில் கடல்நீர் புகுந்து கழுவும்படி அமைத்தவை. இதைத் தெரிந்தவர் கிடைத்தால் விடாதீர்கள்.

சுக்கான்:

சேவல் கதையைச் சொன்னாலே ஆள் சரியில்லை என்று முடிவுகட்டுவது கொஞ்சம் கடுமை. பதினொரு வயதுப் பையனுக்கு வடிகாலைவிடச் சேவல்தான் பிடிக்கும்.

பையனுக்கு இன்னொன்று: சந்திரக் கொத்தளப் பக்கம், மணிக்கூட்டுக் கோபுரத்தருகே (1883) மதிலில் நின்றால் கீழே கிரிக்கெட் மைதானம். 1998 முதல் டெஸ்ட் ஆட்டங்கள் நடக்கும் இடம். 2004 டிசம்பர் 26 சுனாமி அந்த மைதானத்தையும் பஸ் நிலையத்தையும் துடைத்துக்கொண்டு போனது. மதிலுக்கு உள்ளே இருந்த ஊர் பெருமளவு தப்பியது. பீரங்கிக்காகக் கட்டிய சுவர் எதற்கு உதவியது என்பதை அந்த இடத்தில் நின்று சொன்னால்தான் புரியும். நடையைப் பின்னேரம் அங்கே முடிப்பதற்கு அதுவும் ஒரு காரணம். டெஸ்ட் நடக்கும் நாளா என்று மட்டும் முன்பே பார்த்துக்கொள்ளுங்கள், கூட்டம் தாங்காது.

உப்புக்காற்று:

ஜனவரி நல்ல மாதம், தென்மேற்குப் பருவக்காற்று மே முதல் செப்டம்பர் வரைதான். ஆளுக்கு ஒரு லீற்றர் தண்ணீர், தொப்பி. குடை வேண்டாம், மதில்மேல் காற்று ஒரு நிமிடத்தில் மடக்கிவிடும். ட்ரோன் கொண்டுவருவதானால் முன் அனுமதி வேண்டும், இல்லையேல் பெட்டியிலேயே இருக்கட்டும்.

ஜன்னலோரம்:

புதன் பின்னேரம் 3.45, பிரதான வாசல், கடை நிறுத்தம் கிடையாது, குழுவுக்கு ஒரே தொகை என்று எழுதி அனுப்பிவிட்டேன். செவ்வாய் கொழும்பு நூதனசாலை. பழைய வாசலில் தொடங்கும் வழி என்றால் பிரதான வாசலிலிருந்து அங்கே எவ்வளவு தூரம்?

முருகைக்கல்:

உள்ளே புகுந்து இடப்பக்கமாகப் போனால் ஐந்தாறு நிமிடம். அம்மாவோடு பத்து என்று வையுங்கள். 3.45 சரியான கணக்கு.