எடுக்கப்படாத முடிவுகளின் கடல்வழி: திருகோணமலையிலிருந்து அது எந்தத் துறைக்குப் போகும்?

கேள்வி: உப்புவெளிக்காரி

திருகோணமலையைக் களமாக வைத்து ஒரு மிகுபுனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். கதையின் நடுவே ஒரு வணிகக் கடல்வழி இருக்கிறது. மனிதர் எடுத்த முடிவுகளால் உண்டான துறைமுகங்கள் எல்லோருக்கும் தெரிந்த வரைபடத்தில் இருக்கின்றன. எடுக்காமல் விட்ட முடிவுகளால் உண்டாகாமற்போன துறைமுகங்களை மட்டுமே இந்த வழி தொட்டுச் செல்லும்.

பிரடெரிக் கோட்டையின் வாசலில், கல்லில் பொறித்த இரட்டைக் கயலைப் பார்த்துக்கொண்டு நின்ற ஒரு மாலையில்தான் இந்த எண்ணம் பிறந்தது. மான் ஒன்று என்னைத் தள்ளாத குறையாக உரசிக்கொண்டு உள்ளே போனது. நான் மீன்களின் செதிலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். கோணேசர் கோயிலை இடித்துக் கோட்டை கட்டியவர்கள் அந்தக் கல்லைப் புரட்டி வைத்திருந்தால் இன்று நமக்கு அந்த மீன்கள் தெரிந்திருக்காது. ஒருவர் செய்யாமல் விட்ட சிறு செயலால் ஒரு பொருள் நம்மிடம் வந்து சேர்ந்திருக்கிறது.

முதல் துறையாக, 1620இல் இங்கு வந்த டென்மார்க் கப்பல்கள் இங்கேயே தங்கிவிட்ட ஒரு நகரத்தை வைத்தேன். அதன்பின் சிக்கல் தொடங்கியது. விட்டுப்போன முடிவுகளுக்கு எல்லையே இல்லை என்பதால் எந்தத் துறையையும் எங்கும் வைக்கலாம் என்றாகிவிட்டது. வழிக்கு வடிவம் இல்லாமற்போய், வாசிப்பவருக்கு எதிலும் பதற்றம் வராது என்று அஞ்சுகிறேன். எந்த விதி இதைக் கட்டும்? கப்பல் எந்தச் சரக்கை ஏற்றும்?

பதில் 1: சோழகம்

அம்மா, விதி உங்கள் வீட்டு முற்றத்திலேயே வீசிக்கொண்டிருக்கிறது. மனிதர் முடிவை மாற்றலாம், காற்றை மாற்ற முடியாது. எந்த முடிவு எடுக்கப்பட்டிருந்தாலும் ஆனி, ஆடியில் தென்மேற்குக் காற்றான சோழகம்தான் வீசியிருக்கும். மார்கழி, தையில் வடகிழக்குக் காற்றான வாடைதான் வீசியிருக்கும். ஆகவே சோழகத்தில் புறப்பட்டு வாடையில் திரும்பக்கூடிய துறைகள் மட்டுமே உங்கள் வழியில் இருக்கலாம் என்று வைத்துக்கொண்டால், எல்லையற்றுக் கிடந்தவை ஒரு கைப்பிடியளவாகச் சுருங்கிவிடும்.

என் பாட்டனார் வல்வெட்டித்துறைத் தண்டயல், அதாவது கப்பல் தலைவர். இரங்கூனில் அரிசி ஏற்றிய பிறகும், வாடை எழும்பும் வரை கப்பல் நங்கூரத்தில் கிடக்கும் என்றும், அந்த நாட்களில் பாயைப் பிரித்துத் தைப்பதும் கயிறு முறுக்குவதுமே வேலை என்றும் சொல்லுவார். கதைகளில் பெரும்பாலும் விட்டுப்போவது இந்தக் காத்திருப்புத்தான். உங்கள் மாலுமிகள் காத்திருக்கட்டும். தாம் எடுக்காத முடிவைப் பற்றி ஒருவன் யோசிப்பதற்கு அதைவிடப் பொருத்தமான இடம் கிடையாது.

கிழக்கே பாருஸ் வரை தயங்காமல் போகலாம். சுமாத்திராவின் மேற்குக் கரையிலுள்ள அந்த ஊரில், நம் ஐந்நூற்றுவர் வணிகக் குழு 1088இல் பொறித்த தமிழ்க் கல்வெட்டுக் கிடைத்திருக்கிறது. அவ்வளவு தூரம் போய்வரக் காற்று இடங்கொடுத்தது என்பதற்கு அதுவே சான்று. மேற்கேயும் எல்லையைக் குறுக்க வேண்டியதில்லை: வல்வெட்டித்துறையில் கட்டிய அன்னபூரணி என்ற பாய்க்கப்பல், எங்கள் ஊர்க்காரரே ஓட்டிச் செல்ல, 1938இல் அமெரிக்காவின் குளொஸ்டர் துறைமுகத்தை அடைந்தது.

பதில் 2: பழைய வகுப்பறை

முப்பது ஆண்டுகள் வரலாறு கற்பித்தவன் என்ற முறையில் உங்கள் முதல் துறையைத் திருத்த விரும்புகிறேன். டேனியர் இங்கு தங்கவில்லை என்பது சரி. ஆனால் அந்த முடிவு அவர்கள் கையில் மட்டும் இருக்கவில்லை. போர்த்துக்கேயருக்கு எதிராகத் துணை தேடிய கண்டி மன்னன் செனரத், டேனியக் கப்பல்கள் வருமுன்பே, 1617இல், போர்த்துக்கேயருடன் உடன்படிக்கை செய்துகொண்டுவிட்டான்; வந்தவர்களால் அவனுக்கு அப்போது ஆகவேண்டியது எதுவும் இல்லை. அவர்கள் தஞ்சை இரகுநாத நாயக்கரிடம் தரங்கம்பாடியைப் பெற்றுக் கோட்டை கட்டினார்கள். எனவே உங்கள் கதையில் எடுக்கப்படாத முடிவு கண்டியில், ஓர் அரசனின் மௌனத்தில் இருக்கிறது. துறையையும் கோணேசர் மலையடியில் வைக்காமல், திருகோணமலைக்குத் தெற்கே, கண்டிக்குரிய துறையாக இருந்த கொட்டியாறில் வையுங்கள்.

பொதுவாகவும் ஒன்று சொல்ல வேண்டும். ஒருவர் எடைபோட்டு வேண்டாம் என்று தள்ளியது ஒரு வகை. ஒருவருக்கும் கேள்வியாகவே எழாமற்போனது இன்னொரு வகை. முதல் வகைக்கு 1782ஐப் பாருங்கள். பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி சுஃப்ரன் அந்த ஆண்டு திருகோணமலையைக் கைப்பற்றினார். சோழமண்டலக் கரையில் வாடைப் புயலுக்கு ஒதுங்க இடமில்லாத நிலையில், எல்லாக் காற்றுக்கும் அடைக்கலம் தரும் உட்துறைமுகம் அவர் கைக்கு வந்திருந்தது. இருந்தும் அந்த மாரியை அவர் கழித்தது சுமாத்திராவின் அச்சேயில். அவர் இங்கே கழிக்காத மாரிகாலம் உங்களுக்கு ஒரு முழு அத்தியாயம் தரும்.

இரண்டாம் வகை இதைவிடக் கனமானது. கொழும்பில் 1875இல் அலைதடுப்புச் சுவருக்கு அடிக்கல் நாட்டி, பத்து ஆண்டுகளில் செயற்கைத் துறைமுகம் ஒன்றை உண்டாக்கினார்கள். கடவுள் கட்டிவைத்த நம் திருகோணமலைத் துறைமுகத்துக்கு ரயில் வந்தது 1927இல். கடற்படைத் தளம் என்ற விடை முன்கூட்டியே இருந்ததால், வணிகத்துறை ஆக்கலாமா என்ற கேள்விக்கு இங்கே இடமே இருக்கவில்லை. 1957இல் பிரித்தானியக் கடற்படை வெளியேறிய பிறகு வெறுமையாகக் கிடந்த இறங்குதுறைகளைப் பார்த்து வளர்ந்தவன் நான். இதைச் சொல்லும்போது இன்றும் எனக்கு மனம் அடங்குவதில்லை.

பதில் 3: கிண்ணியாத் தோணி

சரக்கைப் பற்றி மட்டும் சொல்கிறேன். ஏக்கம், நினைவு, கனவு போன்றவற்றை மூட்டையாகக் கட்டி ஏற்றிவிடாதீர்கள். வழி மாயமானது என்றால் சரக்கு கைக்கு எட்டுவதாக இருக்க வேண்டும். கொட்டியாறிலிருந்து கொட்டைப்பாக்கு வெளியே போனது, மறுகரையிலிருந்து துணி வந்தது. அதையே ஏற்றுங்கள். உரித்த பாக்கைச் சாக்கில் கொட்டும்போது எழும் கலகலப்பையும், ஈரம் பட்ட பாக்கின் புளித்த வாடையையும் எழுதினால் வாசகர் தோணிக்குள் வந்துவிடுவார்.

மாயத்தைச் சுங்கத்தில் வையுங்கள். எடுக்கப்படாத முடிவின் துறையில் ஒரு சாக்குப் பாக்கு வாங்கினால், எடுக்கப்பட்ட முடிவின் துறையில் அதற்கீடாக ஒன்று குறைய வேண்டும். கொட்டியாறில் வியாபாரம் பெருகப் பெருக, தரங்கம்பாடிக் கோட்டையிலிருந்து ஒவ்வொரு கல்லாகக் காணாமற்போகட்டும். அங்கே வாழ்கிறவர்களும் மனிதர்கள்தானே? உங்கள் வணிகன் ஒவ்வொரு முறையும் யாரோ ஒருவருடைய வீட்டுச் சுவரை விலையாகக் கொடுக்கிறான் என்பது தெரிந்தால், நீங்கள் தேடும் பதற்றம் தானாக வரும்.

உப்புவெளிக்காரி

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. ஆசிரியர் ஐயா சொன்னபடி முதல் துறையைக் கொட்டியாறுக்கு மாற்றுகிறேன். செனரத்தின் மௌனத்தை எழுதுவதற்குக் கண்டிக்குப் போகும் தூதன் ஒருவனும் தேவைப்படுவான். சுங்க விதியை அப்படியே எடுத்துக்கொள்கிறேன். ஆனால் கல் குறைவதைத் தரங்கம்பாடியில் முதலில் காண்பவள் ஒரு மீனவப் பெண்ணாக இருப்பாள், அவளும் தோணி ஏறித் தேடிவருவாள்.

சோழகம் ஐயாவிடம் இன்னும் ஒன்று கேட்க வேண்டும். அவள் தரங்கம்பாடியிலிருந்து தெற்கு நோக்கி வர வாடை வேண்டும் என்பது புரிகிறது. ஐப்பசி, கார்த்திகைப் புயலுக்குப் பிறகு, சிறு தோணி ஒன்று துணிந்து பாய் விரிக்கக்கூடிய முதல் மாதம் எது?

சோழகம்

தை பிறந்த பிறகு புறப்படச் சொல்லுங்கள். அதற்கு முன்பு வந்தால் கொட்டியாற்று வாய்க்குள் நுழையும்போது அலை அவளைப் பக்கவாட்டில் அடிக்கும். அணியத்தில், அதாவது தோணியின் முன்பக்கத்தில், இன்னோர் ஆள் இல்லாமல் தனியாகச் சமாளிக்க மாட்டாள்.