பிளகின் டிஎல்எல் போட்டும் மெனுவில் வரவில்லை, அவசரம்

கதிரொளி: மென்பொருளுக்குக் கூடுதல் வசதி தரும் பிளகின் ஒன்றை இறக்கி, அதன் நிரல் இருக்கும் டிஎல்எல் ஃபைலை பிளகின்ஸ் ஃபோல்டரில் போட்டுவிட்டேன். மூடித் திறந்தும் பார்த்தாயிற்று. மெனுவில் பெயரே இல்லை, எர்ரரும் வரவில்லை. இன்றைக்குள் வேலையை முடிக்க வேண்டும், யாராவது சொல்லுங்களேன்.

மென்தச்சன்: எந்த மென்பொருள்? எந்த வெர்ஷன்? 32 பிட்டா, 64 பிட்டா?

பழுதுநீக்கி: ரெக்எஸ்விஆர்32 கட்டளை கொடுத்து டிஎல்எல்லைப் பதிவு செய்யுங்கள். எனக்கு எப்போதும் அதுதான் கைகொடுக்கும்.

மூத்தபயனர்: அது விண்டோஸிலேயே பதிவு செய்ய வேண்டிய காம் (COM) வகை டிஎல்எல்களுக்கான கட்டளை. பிளகின் கதையே வேறு. தாய் மென்பொருள் திறக்கும்போது தன் ஃபோல்டரைத் துழாவி, ஃபைலை நினைவகத்தில் ஏற்றி, தான் எதிர்பார்க்கும் பெயரில் ஃபங்ஷன்கள் இருக்கின்றனவா என்று பார்க்கும். இருந்தால்தான் மெனுவில் சேர்க்கும். இந்த அடிப்படைகூடத் தெரியாமல் கேட்கிறார்கள், தெரியாமலே பதிலும் சொல்கிறார்கள்.

கதிரொளி: நோட்பேட் பிளஸ் பிளஸ் எடிட்டர், புது வெர்ஷன்தான். விண்டோஸ் 11.

தேன்சிட்டு: விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரிலும் ஒரு காப்பி போட்டுப் பாருங்கள்.

மென்தச்சன்: தயவுசெய்து அங்கே எதையும் போடாதீர்கள். 2018இல் வந்த 7.6 வெர்ஷனிலிருந்து ஒவ்வொரு பிளகினுக்கும் தனி ஃபோல்டர் வேண்டும். ஃபோல்டர் பெயரும் டிஎல்எல் பெயரும் ஒன்றாக இருக்க வேண்டும். பிளகின்ஸுக்குள் வெறுமனே கிடந்தால் கண்டுகொள்ளாது. அப்புறம், கேள்விக்குறி மெனுவில் டீபக் இன்ஃபோ திறந்தால் உங்களுடையது எத்தனை பிட் என்று தெரியும். 64 பிட் மென்பொருளில் 32 பிட் டிஎல்எல் ஏறவே ஏறாது. டிஎல்எல் எந்த வகை என்று பார்க்க, அதையே எடிட்டரில் திறங்கள், சேமித்துவிடாதீர்கள். புரியாத எழுத்துகளுக்கு நடுவே, தொடக்கத்துக்குப் பக்கத்தில், பி, இ என்ற இரண்டு ஆங்கில எழுத்துகள் இருக்கும். அடுத்து NUL என்று காட்டும் இரண்டு குறி தாண்டிப் பெரிய எல் (L) இருந்தால் 32 பிட், சின்ன டி (d) இருந்தால் 64.

தேன்சிட்டு: 32 பிட் ஃபைலுக்குத்தானே சிஸ்டம்32?

மூத்தபயனர்: தலைகீழ். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32இல் இருப்பவை 64 பிட் ஃபைல்கள். 32 பிட் ஃபைல்கள் சிஸ்வாவ்64இல்.

பழுதுநீக்கி: அப்படிப் பெயர் வைத்தால் யாருக்குத்தான் குழப்பம் வராது? வைத்தவர்கள் மேல்தான் தப்பு.

மூத்தபயனர்: சிஸ்டம்32 என்ற பாதையை நேரடியாக எழுதிவைத்த புரோகிராம்கள் ஏராளம். பெயரை மாற்றியிருந்தால், 64 பிட்டுக்குக் கொண்டுவரும்போது அத்தனையிலும் கைவைக்க வேண்டியிருக்கும்.

பழுதுநீக்கி: அது அவர்கள் வசதி, நம் வசதி இல்லை.

கதிரொளி: தனி ஃபோல்டரில் போட்டதும் எர்ரர் வந்தது. திறந்து பார்த்தால் எல். 64 பிட் ஃபைலை இறக்கிப் போட்டேன், மெனுவில் வந்துவிட்டது. நன்றி மென்தச்சன்.

நீலவானம்: எனக்கு வேறொரு மென்பொருளில் ஃபோல்டர், பிட் எல்லாம் சரி. ஆனால் 126 என்ற எண்ணோடு எர்ரர் வருகிறது. மாட்யூல் கிடைக்கவில்லையாம், ஃபைல் கண்ணெதிரே இருக்கிறது!

மென்தச்சன்: பெரும்பாலும் அந்த ஃபைல் நம்பியிருக்கும் இன்னொரு டிஎல்எல்தான் இல்லாமல் இருக்கும். எந்த மென்பொருள் என்று சொல்லுங்கள்.